ஒப்படை நிலம் 'அ' பதிவேட்டில் தரிசு என்று உள்ளது: யாரிடம் மனு கொடுக்க வேண்டும்?

பீன்யாவாசி:
வணக்கம். பெங்களூரில் வேலை பார்க்கிறேன். சொந்த ஊர் திருவண்ணாமலை மாவட்டத்தில் ஒரு கிராமம். நிலமற்ற விவசாயக் கூலி என்ற முறையில் என் தாத்தாவுக்கு 1962இல் 1 ஏக்கர் 20 சென்ட் புஞ்சை நிலத்தை அரசு ஒப்படை செய்தது. வட்டாட்சியரின் முத்திரையுள்ள அந்த உத்தரவு, மடிப்புகளில் கிழிந்திருந்தாலும், இன்னும் தகரப் பெட்டியில் இருக்கிறது. இன்றுவரை மணிலாவும் கம்பும் நாங்கள்தான் பயிரிடுகிறோம். ஆனால் இணையத்தில் 'அ' பதிவேட்டை, அதாவது கிராமத்து நிலங்களைப் புல எண் வாரியாகக் காட்டும் வருவாய்க் கணக்கை எடுத்தால், எங்கள் புல எண்ணுக்கு நேரே 'தீர்வை ஏற்பட்ட தரிசு', அதாவது யாருக்கும் ஒப்படைக்காத அரசு நிலம் என்று வருகிறது. இரண்டு முறை மனு கொடுத்தும் 'கணக்கில் இல்லை' என்பதே பதில். இங்குள்ள நண்பர்களோ 1978ஆம் ஆண்டின் பி.டி.சி.எல். சட்டப்படி உதவி ஆணையரிடம் போகச் சொல்கிறார்கள். தாத்தாவும் அப்பாவும் காலமாகிவிட்டனர். வழி கூறுங்கள்.

ஓய்வுபெற்ற நில அளவர்:
நண்பர்கள் சொல்லும் பி.டி.சி.எல்., பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் அரசு வழங்கிய நிலங்களைக் கைமாற்றத் தடை விதிக்கும் கர்நாடகச் சட்டம். திருவண்ணாமலை நிலத்துக்கு அது உதவாது.

மனு எழுதுவதற்கு முன், பிழை எந்தக் கட்டத்தில் நேர்ந்தது என்று கண்டுபிடியுங்கள். உத்தரவு வழங்கப்பட்டும் உட்பிரிவு செய்து கிராமக் கணக்கில் ஏற்றாமலே விட்டிருந்தால், அந்த உத்தரவை நடைமுறைப்படுத்த வேண்டியவர் வட்டாட்சியர். அன்றே கணக்கில் ஏற்றப்பட்டு, 1979இல் தொடங்கிய நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்தில், அதாவது எல்லோரும் யு.டி.ஆர். என்று சொல்லும் பணியில், பெயர் விடுபட்டிருந்தால், விசாரித்துத் திருத்த ஆணையிட வேண்டியவர் மாவட்ட வருவாய் அலுவலர். உங்கள் மனுக்கள் திரும்பியதற்குக் காரணம் இந்தக் குழப்பமாகவே இருக்கலாம். யு.டி.ஆருக்கு முந்தைய 'அ' பதிவேட்டையும், பட்டாதாரர் வாரியாக நிலங்களைக் காட்டும் 10(1) சிட்டாவையும் பார்த்தால் விடை கிடைக்கும்.

இன்னொன்று: உத்தரவில் உள்ள பழைய எண்ணை அப்படியே இணையத்தில் தட்டி, வேறொருவர் நிலத்தைப் பார்த்துவிட்டுப் பதறியவர்களை நிறையவே கண்டிருக்கிறேன். உட்பிரிவு எண் மாறியிருக்கலாம். அளவும் இப்போது ஹெக்டேரில்தான் இருக்கும். உங்கள் நிலம் ஏறக்குறைய 0.48.5 ஹெக்டேர் வர வேண்டும். புல வரைபடத்தோடு ஒப்பிட்டுவிட்டு மேலே செல்லுங்கள்.

அல்சூர்க்காரர்:
ஐயா சொன்னது சரி. ஆனால் பழைய பதிவேட்டைக் கேட்டவுடன் யாரும் எடுத்துக் கொடுப்பதில்லை. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் 10 ரூபாய் கட்டணத்துடன் நகல் கேளுங்கள். 'ஏன் பட்டா தரவில்லை' என்று கேள்வி கேட்காமல், இன்ன பதிவேட்டின் இன்ன பக்கம் வேண்டும் என்று மட்டும் எழுதுங்கள். 1962இல் உங்கள் ஊர் வட ஆர்க்காடு மாவட்டத்தில் இருந்தது; திருவண்ணாமலை தனி மாவட்டமானது 1989இல்தான். ஆகவே பழைய கோப்பு வேலூரில் இருக்கவும் கூடும்.

உத்தரவின் பின்பக்க நிபந்தனைகளையும் படியுங்கள். அது டி.சி. நிலமாக, அதாவது ஒடுக்கப்பட்ட வகுப்பினருக்கு நிபந்தனையுடன் அரசு வழங்கிய நிலமாக இருந்து, இடையில் யாராவது கைமாற்றியிருந்தால், விசாரணையில் அது வெளியே வரும். வில்லங்கச் சான்றை இப்போதே எடுத்துவிடுங்கள். வாரிசுச் சான்றில் அத்தைமார் பெயரை விட்டுவிடாதீர்கள். ஆட்சேபணை பெரும்பாலும் அங்கிருந்துதான் கிளம்பும்.

பீன்யாவாசி:
இருவருக்கும் நன்றி. ஊருக்குத் தொலைபேசியில் பேசினேன். பெட்டியின் அடியில் பசலி (வருவாய்க் கணக்கு ஆண்டு) 1375க்கான கந்தாய (நிலவரி) ரசீது ஒன்றும் இருக்கிறதாம். அது பயன்படுமா?

ஓய்வுபெற்ற நில அளவர்:
அதில் என்ன எழுதியிருக்கிறது என்பதைப் பொறுத்தது. 'பி மெமோ' என்றிருந்தால், உங்கள் தாத்தாவை அன்று ஆக்கிரமிப்பாளராகக் கருதித் தண்டத் தீர்வை வாங்கியிருக்கிறார்கள் என்று பொருள். அது உங்களுக்கு எதிராகவே நிற்கும். பட்டா எண் இருந்தால், 1965-66இலேயே கணக்கில் பெயர் ஏறிவிட்டது என்பதற்கு அது நல்ல ஆதாரம்.

பீன்யாவாசி:
தங்கையைப் படம் எடுத்து அனுப்பச் சொன்னேன். ஊதா மையில் 'பட்டா நெ. 214' என்று இருக்கிறது. சனிக்கிழமை ஊருக்குப் போய் அசலை எடுத்துக்கொண்டு, திங்களன்று மாவட்ட வருவாய் அலுவலரிடம் மனு கொடுக்கிறேன்.