காப்பியில் கழுவிய சுருள்

ஏற்காட்டுக் காப்பித் தோட்டமொன்றில் பழம் பறிப்பு நடந்துகொண்டிருந்த ஒரு டிசம்பரில், சோதனை முயற்சியாக ஆவணப்படம் எடுக்கும் ஓர் இயக்குநருடன் ஒன்பது நாள்கள் தங்கியிருந்தேன். சேலத்தில் ஒரு போட்டோ ஸ்டுடியோவின் இருட்டறையில் பல ஆண்டுகள் ஃபிலிம் கழுவியவன் என்பதால்தான் அந்த அம்மையார் என்னை அழைத்திருந்தார். மற்றபடி எனக்கும் சினிமாவுக்கும் உள்ள உறவு, ஏற்காடு சாலையில் நிற்கும் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைக் கடந்து சைக்கிள் மிதித்ததோடு சரி.

அவரிடம் இருந்தது சாவி கொடுத்து ஓட்டும் 16 மி.மீ. போலெக்ஸ் கேமரா. முழுவதும் முறுக்கிவிட்டாலும் ஏறக்குறைய 28 விநாடிதான் ஓடும். 100 அடிச் சுருள் மூன்று நிமிடம்கூட வராது. ஆகவே அவர் எடுத்த நேரத்தைவிடச் செடிகளுக்கிடையே சும்மா நின்ற நேரமே அதிகம். பேட்டி கிடையாது, பின்னணிக் குரலும் கிடையாது. பறிக்கும் விரல்களையும், சில்வர் ஓக் மரத்தில் ஏறிய மிளகுக் கொடியையும் எடுத்து, அதே தோட்டத்துக் காப்பியில் கழுவ வேண்டும் என்றார்.

காப்பியில் ஃபிலிம் கழுவலாம் என்பதை ராச்செஸ்டர் தொழில்நுட்பக் கழக மாணவர்கள் 1995இல் செய்து காட்டியிருக்கிறார்கள். இதில் காஃபீனுக்கு வேலையில்லை. காப்பியிலுள்ள காஃபிக் அமிலம், சலவைச் சோடாவின் காரத்தோடும் வைட்டமின் சியோடும் சேர்ந்து, ஒளிபட்ட வெள்ளி உப்பை வெள்ளியாக்குகிறது. ரொபஸ்டா வகைக் காப்பியில் அந்த அமிலம் கூடுதல். மலையிலோ பெரும்பாலும் அரபிகா என்பதால் டிக்காஷனைச் சுண்டக் காய்ச்சினோம். பழத்தோலை உரிக்கும் பல்பிங் எந்திரத்தடியில் புளித்துக் கிடக்கும் காப்பித்தோலின் நாற்றம் அதில் அடித்தது. கழுவிய படத்தை நிலைநிறுத்தும் ரசாயனமான ஹைப்போவுக்கு மட்டும் எங்களிடம் மாற்று இல்லை. பயன்படுத்திய ஹைப்போவில் வெள்ளி கரைந்திருக்கும் என்றதும், செவ்வாய்ப்பேட்டைக் கொலுசுப் பட்டறைக்குக் கொடுத்துவிடலாமா என்று சிரித்தார்.

முதல் சுருளைக் கெடுத்தவன் நான்தான். செய்முறையில் சொல்லும் லிட்டருக்கு 54 கிராம் என்பது நீரற்ற சலவைச் சோடாவின் கணக்கு. நான் கடையில் வாங்கியதோ படிகச் சோடா. அதன் எடையில் பாதிக்கும் மேல் தண்ணீர் என்பதால் 2.7 மடங்கு போட்டிருக்க வேண்டும். அந்த நினைப்பே இல்லாமல் அதே 54 கிராமைப் போட்டுவிட்டேன். நெகடிவ் வெளுத்துப்போய், உருவங்கள் நிழலாகத் தெரிந்தன. நான் மன்னிப்புக் கேட்டதை அவர் காதில் வாங்கவில்லை. அன்று மாலையே அந்த நெகடிவைப் புரொஜெக்டரில் ஏற்றிக் களத்துச் சுவரில் ஓட்டினார்.

பறிக்க வந்திருந்த பெண்கள் தத்தம் கைகளைத் தேடினார்கள். அவர்களில் வயதான ஒருவர் கேட்டார்: “ஏன் கண்ணு, பனி எறங்குனப்பவா புடிச்சே?”

வெயில் சுள்ளென்று அடித்த பத்து மணிக்கு எடுத்த காட்சி அது. இயக்குநர் பதில் சொல்லாமல் சுருளைத் திருப்பிச் சுற்றி, மீண்டும் ஒருமுறை ஓட்டினார். மறுநாள் இரண்டாம் சுருளுக்கும் சோடாவைக் குறைத்தே போடச் சொன்னார். தொழில் தெரிந்தவன் செய்யக்கூடாத வேலை. முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே 54 கிராம் எடைபோட்டுக் கொடுத்தேன்.