களத்தை விட்டு கேமரா முன் வந்த நிருபர்: எரிக் செவரைட் பற்றி ஒரு கேள்வி

தாள்மடிப்பு
இதழியல் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் வால்டர் கிராங்கைட் வாசித்த மாலைச் செய்தியில், 1964 முதல் 1977 வரை, இரண்டு நிமிடம் போல வந்து அன்றைய விஷயத்தைப் பற்றித் தன் பார்வையைச் சொன்ன எரிக் செவரைட் பற்றிக் கட்டுரை எழுத வேண்டும். இரண்டாம் உலகப் போரில் செய்திக்காக அலைந்த மனிதர் கடைசியில் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்துவிட்டாரே என்று எனக்கு வருத்தம். களத்தை விட்ட பிறகு அவர் பேச்சுக்கு அந்த மதிப்பு எங்கிருந்து வந்தது?

பழைய வானொலி
1939-ல் சிபிஎஸ் வானொலியின் ஐரோப்பியப் பொறுப்பாளர் எட்வர்ட் மர்ரோ அவரை பாரிஸில் வேலைக்கு எடுத்தபோது, நியூயார்க் தலைமையகத்தில் இருந்தவர்களுக்கு அவர் குரல் பிடிக்கவில்லை. மைக் முன்னால் அவருக்கு நடுக்கம், அது கடைசி வரை போகவில்லை. ஆனால் 1940 ஜூனில் பாரிஸ் ஜெர்மனியிடம் விழுந்தபோது, வெளியேறிய பிரெஞ்சு அரசின் பின்னாலேயே தூர் நகரத்துக்கும் அப்புறம் போர்தோ நகரத்துக்கும் போய், பிரான்ஸ் சரணடையப் போகிறது என்பதை அமெரிக்காவுக்கு முதலில் சொன்னவர் அவர்தான். பிறந்து இரண்டு மாதமே ஆன இரட்டைக் குழந்தைகளின் அப்பா அப்போது. ஒரு நாடு கண்ணெதிரே கலைந்து போவதைப் பார்த்தவர் பிறகு அரசாங்கங்களைப் பற்றிப் பேசினால் கேட்கத் தோன்றாதா? அரை மணி நேரச் செய்தியில் ஒருவருக்கு இரண்டு நிமிடம் என்பதும் சின்ன விஷயம் இல்லை, தம்பி. அதைத் தினமும் அவரே எழுதினார்.

மலையடிவாரம்
நாகா மலையை விட்டுவிடாதீர்கள். 1943 ஆகஸ்ட் 2, அசாமிலிருந்து இமயத்தைத் தாண்டி சீனாவுக்குப் போன ராணுவ விமானத்தில் ஒரு இஞ்சின் நின்றுவிட, அவரும் சுமார் இருபது பேரும் பர்மா எல்லைக் காட்டில் பாரசூட்டில் குதித்தார்கள். துணை விமானி இறந்துபோனார். தலை வேட்டைக்குப் பெயர் போன பகுதி என்று வெளியில் இருந்தவர்கள் பயந்தார்கள், ஆனால் இறங்கிய இடத்து நாகா மக்கள்தான் இவர்களுக்குச் சோறும் இடமும் கொடுத்தார்கள். அன்றைக்கே டான் பிளிக்கிஞ்சர் என்ற ராணுவ மருத்துவர், அடிபட்டவர்களைப் பார்க்க, தானாக அதே காட்டில் குதித்தார் (எனக்கு இந்தக் கதையில் மிகவும் பிடித்த மனிதர் அவர்). பிறகு இன்றைய நாகாலாந்தின் மோகோக்சுங் ஊரில் இருந்த பிரிட்டிஷ் அதிகாரி பிலிப் ஆடம்ஸ் நாகா வீரர்களோடு வந்து எல்லோரையும் நடத்தியே கூட்டிக்கொண்டு போனார். இது எங்கள் பக்கத்துக் கதை, ஆனால் இங்கேயே பலருக்குத் தெரியாது.

தென்றல்72
நான் கொஞ்சம் மாறுபடுகிறேன். திரையில் அவர் எல்லாப் பக்கமும் சமமாகத் தொட்டுவிட்டு முடிவு சொல்லாமல் போய்விடுவார் என்ற குறை அன்றைக்கே இருந்தது, அவர் பெயரையே திரித்து ‘பல பக்கக்காரர்’ என்று பொருள்படும்படி கேலி செய்தார்கள். அது முழுக்க அநியாயமான குறை இல்லை, தினமும் கருத்து சொல்லியே ஆகவேண்டும் என்ற வேலையில் ஒருவருக்கு உறுதியான கருத்து இல்லாத நாளும் வரத்தானே செய்யும். ஆனால் 1966-ல் அவர் வியட்நாமுக்கு நேரில் போனார், திரும்பி வந்து அரை மணி நேரம் கேமராவைப் பார்த்து, தான் கண்டதையும் தன் சந்தேகங்களையும் சொன்னார். அந்த அரை மணியையும் வழக்கமான இரண்டு நிமிடங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், உங்கள் கேள்விக்குப் பதில் அங்கே இருக்கிறது.

தாள்மடிப்பு
எல்லோருக்கும் நன்றி. பதினேழு வயதில் நண்பரோடு மினியாபொலிஸிலிருந்து ஹட்சன் விரிகுடா வரை துடுப்புப் படகில் போனவர் என்பதை வைத்துத் தொடங்கலாம் என்று இருந்தேன். இப்போது மோகோக்சுங் நடையிலிருந்து தொடங்கி, அடுத்த பத்தியிலேயே 1966-க்குப் போகிறேன். மலையடிவாரம் அண்ணா, அந்தப் பாதையில் உள்ள ஊர்களின் பெயர்களைச் சரிபார்க்க உங்களைத்தான் தொந்தரவு செய்வேன்.