சுழிமாய்க் கலவைக்கு உருகுநிலை கூடுமா? நாளைக் காலைக்குள் விடை தேவை

கரைப்பான்22 | இரவு 9.12
வணக்கம். நாளைக் காலை பத்து மணிக்கு ஆய்வகப் பதிவேட்டை ஒப்படைக்க வேண்டும். எனக்குக் கொடுத்த சேர்மம் முனைவாக்கிய ஒளியின் தளத்தைச் சுழற்றவே இல்லை. மூன்று முறை பார்த்துவிட்டேன், மூன்று முறையும் பூஜ்யம்தான். "சுழிமாய்க் கலவையாக இருக்கும், இடது வலது வடிவங்கள் சம அளவில் சேர்ந்தது, அப்படியே எழுது" என்று மேல்வகுப்பு அக்கா சொன்னார். ஆனால் உருகுநிலை புத்தகத்தில் இருப்பதைவிட 35 டிகிரிக்கு மேல் கூடுதலாக வருகிறது. கலவை என்றால் உருகுநிலை குறைய வேண்டும் என்றுதானே படித்திருக்கிறோம்? எங்கே தவறு செய்தேன் என்று தெரியவில்லை. யாராவது உடனே சொல்லுங்கள்.

நீராவி | இரவு 9.20
என்ன சேர்மம்? அதைச் சொல்லவே இல்லையே. உருகுநிலை எவ்வளவு வந்தது? எந்தக் கரைப்பானில் கரைத்து ஒளிச்சுழற்சி பார்த்தீர்கள்?

பழைய_அடுப்பு | இரவு 9.26
வெப்பமானியைத்தான் முதலில் சந்தேகப்படுவேன். நான் பயிற்றுநராக இருந்த காலத்தில், விசித்திரமான உருகுநிலையோடு வந்த மாணவர்களில் பாதிப் பேர் சுடரை முழுதாகத் திறந்துவிட்டு எண்ணெயைச் சூடேற்றியவர்கள். பென்சாயிக் அமிலம் ஒரு சிட்டிகை எடுத்து நுண்குழாயில் போட்டுப் பாருங்கள். 122இல் உருகினால் வெப்பமானி சரி. உருகாவிட்டால் மற்ற பேச்சுக்கே இடமில்லை.

திருவலஞ்சுழி | இரவு 9.31
கேள்வி கேட்பதற்கு முன் சொல்லின் பொருளைத் தெரிந்துகொள்ள வேண்டும், தம்பி. "சுழிமாய்க் கலவை" என்பதையே பயன்படுத்த வேண்டாம் என்று வேதியியல் பெயர்களை வகுக்கும் பன்னாட்டு அமைப்பான ஐயூபேக் 1996இல் வெளியிட்ட புறவெளி வேதியியல் சொற்பட்டியல் அழுத்திச் சொல்கிறது. ஒரே சொல் இரண்டு வெவ்வேறு பொருளில் புழங்குவதால் வந்த தடை அது. இனன்ஷியோமர்கள், அதாவது ஒன்றுக்கொன்று ஆடிப்பிம்பமான இரு வடிவங்கள், சம அளவு இருந்தால் அது ரசிமேட், ரசிமிக் என்பதும் அதையே. அதன் திண்ம நிலை எப்படிப்பட்டது என்பது வேறு கேள்வி. அந்த இரண்டையும் பிரித்துப் பார்க்காதவர்களுக்கு உருகுநிலை புரியாது. பாடநூலை மனப்பாடம் செய்வதோடு நிறுத்திக்கொள்வதால் வரும் சிக்கல் இது.

நீராவி | இரவு 9.38
ஐயா, அவர் பதற்றத்தில் இருக்கிறார். விடையைச் சொல்லுங்கள், பிறகு கண்டிக்கலாம்.

கரைப்பான்22 | இரவு 9.50
மன்னிக்கவும். டார்டாரிக் அமிலம். நீரில் கரைத்தேன். 204 முதல் 206 வரை உருகியது. புத்தகத்தில் 168 முதல் 170 என்று இருக்கிறது. பென்சாயிக் அமிலம் மதியமே பார்த்தாகிவிட்டது, 121 முதல் 122. அதைச் சொல்ல மறந்துவிட்டேன்.

பழைய_அடுப்பு | இரவு 9.54
அப்படியானால் வெப்பமானிமேல் பழியில்லை. இருந்தாலும் 122இல் சரியாகக் காட்டும் வெப்பமானி 200ஐ நெருங்கும்போது இரண்டு மூன்று டிகிரி விலகக்கூடும். 35 டிகிரி விலகாது, ஒப்புக்கொள்கிறேன்.

ஆடிப்பிம்பம் | இரவு 10.02
டார்டாரிக் என்றதுமே விடை கிடைத்துவிட்டதே! மீசோ வடிவம். அந்த மூலக்கூறுக்குள்ளேயே ஒரு சமச்சீர்த் தளம் ஓடுகிறது, மேல்பாதி சுழற்றுவதைக் கீழ்ப்பாதி சரிக்கட்டிவிடுகிறது. அதனால்தான் சுழற்சி பூஜ்யம். பதிவேட்டில் மீசோ என்று எழுதுங்கள், முடிந்தது.

குடுவைக்காரி | இரவு 10.09
அப்படி எழுதிவிடாதீர்கள். மீசோ டார்டாரிக் அமிலம் இயற்கை வடிவத்தைவிடக் குறைந்த வெப்பத்தில் உருகும். இவருக்கு மிகவும் கூடியிருக்கிறது. ரசிமிக் டார்டாரிக் அமிலத்தின் உருகுநிலை ஏறத்தாழ 206. இவர் அளந்ததும் அதே. அளவில் தவறே இல்லை. "கலவை" என்ற சொல்தான் இவரைக் குழப்பியிருக்கிறது.

நான் மருந்துத் தொழிற்சாலை ஒன்றில் தரக் கட்டுப்பாட்டில் இருக்கிறேன். வேலைக்குச் சேர்ந்த முதல் மாதம் இதே இடத்தில்தான் நானும் தடுக்கி விழுந்தேன். ரசிமிக் இபுபுரோஃபென் 75 முதல் 78 டிகிரிக்குள் உருகும். அதில் வலி போக்கும் வேலையைச் செய்யும் எஸ் வடிவத்தை மட்டும் தனியாக எடுத்தால் 50ஐத் தாண்டியதுமே உருகிவிடுகிறது. தூய்மையான பொருள் முன்னதாக உருகுகிறதே என்று எனக்கு அன்றிரவு தூக்கமே வரவில்லை. தவறான மாதிரியை எடுத்துவிட்டேன் என்று நினைத்து மறுபடி மறுபடி சோதித்தேன்.

கோயில் வாசலில் செருப்புக் காப்பிடத்தை நினைத்துப் பாருங்கள். ஆயிரம் இடது செருப்பு, ஆயிரம் வலது செருப்பு. ஒவ்வொரு அறையிலும் ஓர் இடது, ஒரு வலது என ஜோடியாக அடுக்கலாம். அது ரசிமிக் சேர்மம். படிக அணிக்கோவையின் மிகச் சிறிய அலகில்கூட இரண்டும் சேர்ந்தே இருக்கும். இடது எல்லாம் ஒரு மூட்டை, வலது எல்லாம் இன்னொரு மூட்டை என்றும் கட்டலாம். அது காங்லோமரேட். ஒவ்வொரு படிகமும் ஒரே வகை, குவியல் மட்டும் கலப்பு. எது எங்கே என்று பாராமல் கைக்கு வந்தபடி திணிப்பது மூன்றாவது வகை, அரிது.

நீங்கள் படித்த "கலந்தால் உருகுநிலை குறையும்" என்ற விதி மூட்டைகளுக்குப் பொருந்தும். ஜோடியாக அடுக்கியது கலவையே அல்ல, தனக்கென ஒரு படிக அமைப்பும் உருகுநிலையும் கொண்ட தனித் திண்மம். இடதும் வலதும் நெருக்கமாகப் பொருந்திக்கொண்டால் அதைக் குலைக்கக் கூடுதல் வெப்பம் வேண்டும். டார்டாரிக் அமிலத்தில் நடப்பது அதுதான். ஆனால் எல்லா ரசிமிக் சேர்மத்துக்கும் உருகுநிலை கூடத்தான் வேண்டும் என்றும் நினைத்துவிடாதீர்கள். சிலவற்றில் குறையும்.

திருவலஞ்சுழி | இரவு 10.17
மூன்று வகையாகப் பிரித்தவர் ரூசெபோம், 1899இல். அதையும் சேர்த்துச் சொல்லியிருக்கலாம். மற்றபடி சரி.

சொல்லேருழவன் | இரவு 10.25
எனக்கு வேதியியல் ஓரளவுதான் தெரியும், மொழிபெயர்ப்பு என் தொழில். "சுழிமாய்" என்ற சொல்லை ஏன் குறை சொல்கிறீர்கள்? எவ்வளவு அழகாகக் கட்டிய சொல் அது. சுழி என்றால் சுழற்சி, மாய் என்றால் மாய்ந்துபோவது. சுழற்சி மாய்ந்தது. கேட்டவுடன் பொருள் விளங்குகிறது. வலஞ்சுழி, இடஞ்சுழி என்ற சொற்களோடும் ஒரே குடும்பமாக நிற்கிறது. "ரசிமிக்" என்றால் என்ன விளங்குகிறது? இலத்தீனில் திராட்சைக் குலைக்கு ரசேமஸ் என்று பெயர். ஒயின் பீப்பாயின் அடியில் படிந்த உப்பிலிருந்து அமிலம் கிடைத்ததால் கே-லுசாக் அப்படிப் பெயர் வைத்தார். திராட்சைக் குலைக்கும் இடது வலதுக்கும் என்ன தொடர்பு?

திருவலஞ்சுழி | இரவு 10.33
கேட்டவுடன் விளங்குவதுதான் சிக்கல். சுழற்சி மாய்ந்தது என்றால் மீசோவிலும் மாய்ந்துதானே இருக்கிறது? ஒன்றில் மூலக்கூறுக்குள்ளேயே ஈடாகிறது, மற்றொன்றில் இரு மூலக்கூறுகளுக்கிடையே ஈடாகிறது. உங்கள் சொல் இரண்டையும் ஒரே பாயில் படுக்க வைக்கிறது. சற்று முன் ஒருவர் மீசோ என்று எழுதச் சொன்னதைப் பார்த்தீர்களா? விளைவைப் பெயராக வைத்தால் காரணம் மறைந்துவிடும். திராட்சை எதையும் விளக்குவதில்லை. அதனால் யாரையும் தவறான வழியில் கொண்டுபோவதும் இல்லை.

ஆடிப்பிம்பம் | இரவு 10.36
நான் மீசோ என்று சொன்னது தமிழ்ச் சொல்லால் வந்த குழப்பம் அல்ல. உருகுநிலையைக் கவனிக்காமல் அவசரப்பட்டேன். அவ்வளவுதான்.

சொல்லேருழவன் | இரவு 10.44
சொல் தவறல்ல, அதோடு ஒட்டிய "கலவை"தான் தவறு என்று குடுவைக்காரி அம்மா சொல்லிவிட்டாரே. "சுழிமாய்ச் சேர்மம்" என்று எழுதினால் இந்தத் தம்பி இன்று இங்கே வந்திருக்கவே மாட்டார். தமிழில் படிக்கிற பிள்ளைக்குப் பொருள் தருகிற சொல் வேண்டும். அதைத் தூக்கி எறிய நான் சம்மதிக்க மாட்டேன்.

நீராவி | இரவு 10.50
இரண்டு பேரும் தயவுசெய்து இதற்குத் தனி இழை தொடங்குங்கள். கரைப்பான்22, உங்களுக்கு அந்த அமிலம் எப்படிக் கிடைத்தது? நீங்களே தயாரித்ததா, புட்டியில் வாங்கியதா? புட்டி என்றால் மேலே என்ன எழுதியிருந்தது? ஒளியைச் சுழற்றும் இயற்கை அமிலத்தைக் கொடுத்திருந்தால் நீரில் ஏறத்தாழ +12 என்ற நியமச் சுழற்சி வந்திருக்க வேண்டும்.

மதுரைப்_படிகம் | இரவு 11.05
இழையைப் பார்த்ததும் என் பழைய வேதனை நினைவுக்கு வந்துவிட்டது. பாஸ்டர் 1848இல் இந்த ரசிமிக் அமிலத்தின் சோடியம் அம்மோனியம் உப்பின் படிகங்களை இடுக்கியால் இடது வலது எனப் பிரித்தார் அல்லவா? அதை மாணவர்களுக்குச் செய்து காட்ட வேண்டும் என்று ஆசைப்பட்டேன். மே மாதம், மதுரை, குளிர்சாதனம் இல்லாத அறை. நான்கு நாள் ஆவியாக விட்டேன். பெரிய படிகங்கள் வந்தன. உருப்பெருக்கியில் எவ்வளவு பார்த்தும் எல்லாம் ஒரே முகம்தான். பிறகுதான் படித்தேன், அந்த உப்பு ஏறத்தாழ 28 டிகிரிக்குக் கீழே படிகமானால்தான் காங்லோமரேட்டாக, தனித்தனிப் படிகங்களாக விழும். அதற்கு மேலே போனால் இரண்டும் ஒரே படிகத்துக்குள் ஜோடி சேர்ந்துவிடும். பாரிஸின் குளிர் பாஸ்டருக்குக் கைகொடுத்திருக்கிறது. எங்கள் அறையில் அன்று 37 டிகிரி.

ஆகவே ரசிமேட் என்று சொல்வது மட்டும் போதாது. எந்த வெப்பநிலையில் படிகமானது என்பதையும் பார்க்க வேண்டும். அடுத்த மார்கழியில் மறுபடி முயன்றேன். அதிகாலையில் 21 டிகிரி. கண்ணாலேயே பிரிக்க முடிந்த சில படிகங்கள் கிடைத்தன. மாணவர்கள் முகத்தில் அன்று கண்ட வெளிச்சம் எனக்கு மறக்காது.

குடுவைக்காரி | இரவு 11.14
அருமை. இப்போது தம்பிக்கு. காலையில் செய்யக்கூடிய இரண்டு சோதனை சொல்கிறேன். முதலாவதுக்கு அரை மணி நேரம்கூட ஆகாது. 10 மில்லி நீரில் 5 கிராம் போட்டு அறை வெப்பத்தில் நன்றாகக் கலக்குங்கள். இயற்கை அமிலமோ மீசோவோ என்றால் முழுக்கக் கரைந்துவிடும். ரசிமிக் என்றால் ஏறத்தாழ 2 கிராம்தான் கரையும், மீதி அடியில் தங்கும்.

இரண்டாவதுதான் முக்கியம். ஒளியைச் சுழற்றும் தூய அமிலத்தில் ஒரு சிட்டிகை எடுத்து உங்கள் மாதிரியோடு சேர்த்து அரைத்து உருகுநிலை பாருங்கள். ரசிமிக் சேர்மம் என்றால் உருகுநிலை இறங்கும், உருகும் எல்லையும் அகலும். காங்லோமரேட்டாக இருந்தால் உருகுநிலை ஏறும். அங்கே சமக் கலவைதான் மிகக் குறைந்த புள்ளி, எந்தப் பக்கம் நகர்ந்தாலும் மேலேதான் போக வேண்டும். தூய பொருளைச் சேர்த்து உருகுநிலை குறைந்தது என்ற ஒரு வரி உங்கள் பதிவேட்டில் இருந்தால், தேர்வாளர் மறுகேள்வி கேட்க மாட்டார்.

இன்னொன்று. ரசிமிக் அமிலம் நீரிலிருந்து படிகமாகும்போது ஒரு நீர் மூலக்கூறையும் பிடித்துக்கொள்ளும். மீண்டும் படிகமாக்கியிருந்தால் 110 டிகிரியில் உலர்த்திவிட்டு உருகுநிலை பாருங்கள். இல்லாவிட்டால் நடுவில் ஈரம் கசிவதை உருகுவதாக நினைத்துவிடுவீர்கள்.

பழைய_அடுப்பு | இரவு 11.20
சுடரைக் குறைத்து வையுங்கள். 190க்குப் பிறகு நிமிடத்துக்கு இரண்டு டிகிரிக்கு மேல் ஏறக் கூடாது.

கரைப்பான்22 | காலை 9.36
நேரமில்லை, சுருக்கமாகச் சொல்கிறேன். 5 கிராமில் பாதிக்கு மேல் கரையவில்லை. இயற்கை அமிலம் சேர்த்து அரைத்தது 180ஐத் தாண்டியதும் இளகத் தொடங்கி 198 வரை இழுத்தது. புட்டியில் அமிலத்தின் பெயருக்கு முன்னால் "டிஎல்" என்று இரண்டு எழுத்து இருந்தது. நிறுவனத்தின் குறியீடு என்று நினைத்து அதைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். அனைவருக்கும் நன்றி, குறிப்பாகக் குடுவைக்காரி அக்காவுக்கு.

திருவலஞ்சுழி | காலை 9.52
அந்த இரண்டு எழுத்தை நேற்று ஒன்பது மணிக்கே சொல்லியிருந்தால் இவ்வளவு பேரின் இரவு மிச்சமாகியிருக்கும். டிஎல் என்றால் டி, எல் இரண்டும் சம அளவில் சேர்ந்தது, அதாவது ரசிமேட். டி, எல் என்பவை மூலக்கூறின் அமைப்பைக் குறிப்பவை, சுழற்சித் திசையை அல்ல. இயற்கை டார்டாரிக் அமிலம் எல் வடிவம், ஆனால் ஒளியை வலப்புறம் சுழற்றுகிறது. இதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் சோதனையைச் செய்துவிட்டு வந்து சொன்னீர்கள், அது நல்ல பழக்கம்.

சொல்லேருழவன் | காலை 10.15
தம்பி, பதிவேட்டில் கடைசியில் எந்தச் சொல்லை எழுதினீர்கள்?

சொல்லேருழவன் | இரண்டு நாள் கழித்து, மாலை 6.40
தம்பி?