சாவியை எடுத்த பிறகும் ஓடிய போட் இன்ஜின்: சுவிட்ச் மாற்றிய அனுபவம்

மேட்டூரிலிருந்து பவானி போகும் வழியில் ஆட்டோ எலக்ட்ரிக்கல் கடை வைத்திருக்கிறேன். டிராக்டர், டெம்போ, பைக் எல்லாம் பார்ப்பேன். போட் பக்கம் போனதில்லை. காவிரியில் சின்ன ஃபைபர் போட் வைத்திருக்கும் மச்சான் ஒருநாள் வெள்ளென வந்து நின்றார்.

"ஏனுங் மாப்ள, செல்ஃப் எடுக்க மாட்டீங்குது. சாவிய ஆட்டி ஆட்டிப் பாத்தா ஒருக்கா எடுக்குது, ஒருக்கா எடுக்கறதில்ல."

போய்ப் பார்த்தேன். டூ ஸ்ட்ரோக் அவுட்போர்டு, அதாவது போட்டின் பின்பக்கம் வெளியே மாட்டும் இன்ஜின். பேட்டரியில் 12.6 வோல்ட் இருந்தது. ஃபியூஸ் சரி, கியர் நியூட்ரலில்தான் இருந்தது. சாவி சுவிட்சின் முகப்பு நட்டைக் கழற்றி வெளியே இழுத்தால், ஒயர் நுனியெல்லாம் களிம்பு ஏறிப் பச்சைப் பசேலென்று இருக்கிறது. செல்ஃபுக்குப் போகும் ஒயர் தொட்டதும் கையோடு வந்துவிட்டது. உப்புத் தண்ணீர்தான் கெடுக்கும் என்று நினைத்திருந்தேன். தார்ப்பாய் போடாமல் மழையில் நிறுத்தினால் நல்ல தண்ணீரும் சாவித் துவாரம் வழியே இறங்கி வேலையைக் காட்டிவிடுகிறது.

சுவிட்ச்தானே என்று கடையில் இருந்த டிராக்டர் சுவிட்ச் ஒன்றை எடுத்து மாட்டினேன். பேட்டரி ஒயர், செல்ஃப் ஒயர், மீட்டர் ஒயர் மூன்றும் பொருந்தின. மிச்சம் ஒரு வெள்ளை, ஒரு கறுப்பு. அதற்கு டிராக்டர் சுவிட்சில் இடமே இல்லை. டேப் சுற்றி ஒதுக்கிவிட்டேன். சாவியைத் திருப்பியதும் செல்ஃப் கும்மென்று எடுத்தது, மச்சானுக்கு வாயெல்லாம் பல்.

ஒரு சுற்றுப் போய்க் கரைக்கு வந்து சாவியை ஆஃப் செய்தால், இன்ஜின் பாட்டுக்கு ஓடுகிறது. சாவியை உருவிக் கையில் வைத்திருக்கிறேன், அது ஓடிக்கொண்டே இருக்கிறது. இழுத்தால் இன்ஜினை நிறுத்தும் சுவிட்சோடு, ஓட்டுகிறவர் கையில் மாட்டும் சிவப்புக் கயிறு ஒன்று இருக்கும், அதையாவது இழுக்கலாம் என்று தேடினேன். அது எதற்கு என்று மச்சான் எப்போதோ அந்தச் சுவிட்சையே பிடுங்கிப் போட்டிருக்கிறார்! கடைசியில் டேங்கிலிருந்து வரும் பெட்ரோல் ஓசைக் கழற்றினேன். கார்புரேட்டரில் கிடந்த பெட்ரோல் தீரும்வரை விடாமல் ஓடி, இரண்டு இருமல் இருமி அடங்கியது.

கார், டிராக்டர் சுவிட்சில் ஆன் என்றால் கரண்ட் போகும், ஆஃப் என்றால் அறுந்துவிடும். இந்த வகை அவுட்போர்டு பிளக்குக்கு வேண்டிய கரண்டை ஃப்ளைவீலுக்கு அடியில் இருக்கும் காயிலிலேயே எடுத்துக்கொள்கிறது. ஓடும்போது பேட்டரி அதற்குத் தேவையே இல்லை. நிறுத்த வேண்டுமென்றால், பிளக்குக்குப் பொறி கொடுக்கும் சிடிஐ பெட்டியின் ஸ்டாப் ஒயரை எர்த்தில் சேர்க்க வேண்டும். சுவிட்ச் ஆஃபில் இருக்கும்போதுதான் அந்த இரண்டும் சேரும். நான் டேப் சுற்றி ஒதுக்கிய வெள்ளையும் கறுப்பும் அவைதான். பழைய ஸ்ப்ளெண்டர் ஒயரிங்கிலும் இதே கணக்குதான், எத்தனை வண்டியில் பார்த்திருக்கிறேன். போட் என்றதும் புத்தி எங்கே போனதோ.

சரியான சுவிட்ச் கொச்சியிலிருந்து பஸ் பார்சலில் வந்தது. இந்த முறை மாட்டுவதற்கு முன்பே மல்டிமீட்டரை வைத்துப் பார்த்தேன். ஆஃபில் எம் (ஸ்டாப் ஒயர்), ஈ (எர்த்) இரண்டு டெர்மினலுக்கும் நடுவே பீப் அடிக்க வேண்டும். ஆனில் அது நின்று பி (பேட்டரி), ஏ (மீட்டர் ஒயர்) சேர வேண்டும். ஸ்டார்ட்டில் அதோடு எஸ்ஸும் (செல்ஃப்) சேரும். நிறத்தை மட்டும் நம்பாதீர்கள். யமஹாவில் ஸ்டாப் ஒயர் வெள்ளை, மெர்க்குரியில் கறுப்பில் மஞ்சள் கோடு. பேட்டரி நெகட்டிவைக் கழற்றி வைத்து, போனில் படம் எடுத்துக்கொண்டு, களிம்பு ஏறிய நுனிகளை வெட்டிப் ஒயர் நுனியில் மாட்டும் புதுத் திம்பிள் அடித்து, ஒவ்வொரு ஒயராக மாற்றினேன். அரை மணி நேர வேலை.

இதைப் படித்துவிட்டுப் பொள்ளாச்சியிலிருந்து ஒருவர்:

நீங்கள் டேப் சுற்றி ஒதுக்கியதோடு தப்பித்தீர்கள். என் சகலை ஆலப்புழையில் போட் ஓட்டுகிறார். அங்கே ஒரு மெக்கானிக், ஆன் செய்தால் கரண்ட் போகத்தானே வேண்டும் என்று ஸ்டாப் ஒயரைக் கொண்டுபோய் ஏ டெர்மினலில் கொடுத்துவிட்டார். சாவியைத் திருப்பியதும் 12 வோல்ட் நேராக சிடிஐக்குள். அதற்கப்புறம் பிளக்கில் பொறியே இல்லை. சுவிட்சோடு போக வேண்டிய செலவு எங்கேயோ போய்விட்டது.

பூலாம்பட்டியிலிருந்து ஒருவர்:

என்னுடையது பழைய டீசல் இன்ஜின். பொறி கிடையாது, சாவி செல்ஃபுக்கு மட்டும்தான், நிறுத்த லீவரை இழுக்க வேண்டும். ஆனாலும் நானும் ஒரு சுவிட்சைத் தெண்டத்துக்கு மாற்றியவன்தான். நெரிஞ்சிப்பேட்டைக் கதவணையில் பராமரிப்புக்காகத் தண்ணீர் இறக்கினால் இங்கே போட்டெல்லாம் நின்றுவிடும், ரிப்பேர் வேலையெல்லாம் அப்போதுதான். புதுச் சுவிட்சைப் போட்டும் செல்ஃப் எடுக்கவில்லை. கடைசியில் பார்த்தால் கியர் லீவருக்குள் இருக்கும் நியூட்ரல் சுவிட்ச் ஒட்டவில்லை! செல்ஃப் ஒயர் அதன் வழியாகத்தான் போகிறது. சாவி சுவிட்சைக் கழற்றும் முன் லீவரை முன்னும் பின்னும் நாலு தடவை ஆட்டிப் பாருங்கள்.

முதலில் எழுதியவர்:

லீவரை நானும் பார்வையால்தான் பார்த்தேன், ஆட்டிப் பார்க்கவில்லை. அப்புறம், அந்தச் சிவப்புக் கயிறும் சுவிட்சும் வாங்கி மாட்டிவிட்டேன். ஓட்டுகிறவர் தண்ணீரில் விழுந்தால் இன்ஜினை நிறுத்த அது ஒன்றுதான் இருக்கிறது. மச்சான் அதை அருணாக்கயிற்றில் கொக்கி போட்டு மாட்டிக்கொள்கிறார். வலை எடுக்க எழுந்திருக்கும்போதெல்லாம் கயிறு உருவி இன்ஜின் நின்றுவிடுகிறதாம். உடனே எனக்குப் போன்: "மாப்ள, மறுக்காவும் சுவிட்ச் போச்சாட்ட இருக்குதுங்!"