வகுத்தலில் ஈவின் நடுவே வரும் 0 விட்டுப்போகிறது, எப்படித் திருத்துவது?

வாணி_மதுரை:
மகள் நாலாம் வகுப்பு. வாய்ப்பாடு நன்றாகத் தெரியும். 87 ÷ 4 மாதிரி கணக்குகள் சரியாக வருகின்றன. ஆனால் 1839 ÷ 9 கொடுத்தால் ஈவு 24, மீதி 3 என்கிறாள். 75 ÷ 4-க்கு ஈவு 17, மீதி 7 என்று போடுகிறாள். இரண்டும் ஒரே குழப்பமா? எங்கிருந்து திருத்துவது?

கணக்கு_ஆசிரியர்:
இரண்டும் வேறு வேறு. முதலில் 1839-ஐப் பார்ப்போம்.

1-ல் 9 போகாது. 18-ல் 2 தடவை போகும். ஈரொன்பது பதினெட்டு, கழித்தால் 0. அடுத்து 3-ஐக் கீழே இறக்குகிறோம். 3-லும் 9 போகாது. உடனே மேலே எதுவும் எழுதாமல் 9-ஐயும் இறக்கி 39 ஆக்கிவிடுகிறாள். நாலொன்பது முப்பத்தாறு, மீதி 3. நடுவில் எழுதாத அந்த 0தான் 204-ஐ 24 ஆக்கியது.

இது கவனக்குறைவு இல்லை. தொடக்கத்தில் "1-ல் போகாது, அடுத்த இலக்கத்தையும் சேர்த்துக்கொள்" என்று நாம்தானே சொல்லித் தருகிறோம்? அதையே நடுவிலும் செய்கிறாள். அதனால் விதியை இப்படிப் பிரித்துச் சொல்லுங்கள்: ஈவில் முதல் இலக்கம் எழுதிய பிறகு, கீழே ஒன்று இறக்கினால் மேலே ஒன்று எழுதியே ஆகவேண்டும். போகாவிட்டால் 0.

கட்டம் போட்ட நோட்டில் போடச் சொல்லுங்கள். முதல் இலக்கமான 2, 18-ன் 8-க்கு நேர் மேலே வரும். 8-க்குப் பின் இன்னும் இரண்டு இலக்கங்கள் இருப்பதால் ஈவுக்கு மூன்று இடம். கணக்கைத் தொடங்கும் முன்பே மூன்று கோடு போட்டுவிட்டால், நடுக்கோடு காலியாக இருப்பது அவள் கண்ணிலேயே படும்.

எண்ணும்_எழுத்தும்:
75 ÷ 4-ல் நடந்தது வேறு. 7-ல் ஒரு தடவை, மிச்சம் 3. 5-ஐ இறக்கினால் 35. நாலேழு இருபத்தெட்டிலேயே நிறுத்திவிட்டாள். மீதி 7-க்குள் இன்னொரு 4 இருக்கிறது. நாலெட்டு முப்பத்திரண்டு, ஆக ஈவு 18, மீதி 3.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். வகுக்கும் எண் × ஈவு + மீதி என்று சரிபார்த்தால் 4 × 17 + 7 = 75 என்றே வரும்; தப்பு பிடிபடாது. அதனால் முதலில் "மீதி வகுக்கும் எண்ணைவிடச் சின்னதா?" என்று கேட்கவேண்டும், பிறகுதான் பெருக்கல். ஒவ்வொரு முறை கழித்ததும் இதைக் கேட்கப் பழக்குங்கள், கடைசியில் மட்டும் போதாது. 24, மீதி 3 தப்பைப் பெருக்கலே காட்டிவிடும்: 9 × 24 + 3 = 219 தான்.

வாணி_மதுரை:
நன்றி சார், நன்றி டீச்சர். 0 ஏன் போடணும் என்று கேட்கிறாள். விதி என்று சொன்னால் ஒத்துக்கொள்ள மாட்டேன் என்கிறாள்.

கணக்கு_ஆசிரியர்:
நல்ல கேள்வி, விட்டுவிடாதீர்கள். காகிதத்தில் ரூபாய் நோட்டு வெட்டி, 619 ரூபாயை மூன்று பேருக்குப் பிரிக்கச் சொல்லுங்கள். ஆறு நூறு ரூபாய் நோட்டு: ஆளுக்கு 2. பத்து ரூபாய் நோட்டு ஒன்றுதான் இருக்கிறது, யாருக்கும் பத்தாகத் தர முடியாது: ஆளுக்கு 0. அதை மாற்றினால் பத்து ஒரு ரூபாய், ஏற்கெனவே இருக்கும் 9-ஓடு 19: ஆளுக்கு 6, மீதி 1. பத்தின் இடத்தில் 0 போடாமல் 26 என்று எழுதினால் இருநூறு ரூபாய் இருபதாகிவிடும். இதை அவளே சொல்வாள்.

எண்ணும்_எழுத்தும்:
பயிற்சிக்கு இந்த வரிசையில் கொடுங்கள். 845 ÷ 4 (211, மீதி 1), 619 ÷ 3, பிறகு 362 ÷ 6. இதில் 0 கடைசியில் வரும்: 60, மீதி 2. நிறையப் பிள்ளைகள் 6 என்றே நிறுத்திவிடுவார்கள். அதன்பின் 4015 ÷ 8 (501, மீதி 7). இவை தடுமாறாமல் வந்தால் 3002 ÷ 6 கொடுங்கள். 500, மீதி 2. இரண்டு 0 அடுத்தடுத்து வருவதால் கோடு போடும் பழக்கம் பதிந்துவிட்டதா என்பது இதில் தெரிந்துவிடும்.