சிஸ்டம்டி சர்வீஸ் 203 பிழை: கண்ணெதிரே இருக்கிற கோப்பை இல்லை என்கிறது

கேட்டவர்: வணக்கம். சோலார் இன்வெர்ட்டரிலிருந்து நிமிடத்துக்கு ஒருமுறை அளவெடுத்து எழுதிவைக்கும் சின்ன பைத்தான் ஸ்கிரிப்ட். உபுண்டு 22.04 சர்வரில், லினக்ஸில் பின்னணி நிரல்களை நடத்துகிற சிஸ்டம்டி வழியாக சர்வீஸாக ஓடவிட வேண்டும். எதை எப்படி ஓட்டுவது என்று சொல்லும் யூனிட் ஃபைல் எழுதி, அதைப் படிக்கவைக்க டீமன்-ரீலோட் போட்டு, ஸ்டார்ட் கொடுத்தால் ஒரு வார்த்தை பேசாமல் ப்ராம்ட் திரும்பிவிடுகிறது. ஸ்டேட்டஸ் பார்த்தால் 203, எக்ஸெக் என்று சிவப்பில் நிற்கிறது. சிஸ்டம்டியின் பதிவேடான ஜர்னலில் "அப்படி ஒரு கோப்போ ஃபோல்டரோ இல்லை". கோப்புகளைப் பட்டியலிடும் எல்எஸ் போட்டால் கோப்பு அங்கேயேதான் இருக்கிறது! முன்னால் பைத்தான்3 சேர்த்துக் கையால் ஓட்டினால் ஜம்மென்று ஓடுகிறது. இரண்டு நாளாக மண்டை காய்கிறது.

பதில் 1: கோப்பை ஓட்ட அனுமதி தரும் சிஎச்மாட் 755 கொடுத்தீர்களா?

கேட்டவர்: கொடுத்தாச்சு.

பதில் 2: அதுவாக இருந்தால் "அனுமதி மறுப்பு" என்று வந்திருக்கும். இங்கே "இல்லை" என்று சொல்வது உங்கள் ஸ்கிரிப்டை அல்ல, அதன் முதல் வரியில் இருக்கிற பைத்தானை. ஸ்கிரிப்டை எங்கே எழுதினீர்கள், விண்டோஸிலா? கண்ணுக்குத் தெரியாத எழுத்துகளும் தெரிய, கேட் கட்டளையோடு பெரிய ஏ ஆப்ஷன் போட்டு முதல் வரியைக் காட்டுங்கள்.

கேட்டவர்: ஆமாம் அண்ணா, ஆபீஸ் லேப்டாப்பில் நோட்பேடில். முதல் வரி பைத்தான்3 என்று முடிந்ததும் ஒரு தொப்பிக்குறி, எம், அப்புறம் டாலர்.

பதில் 2: அந்த எம்தான் வில்லன். விண்டோஸ் வரிக்கடைசியில் வைக்கிற கேரேஜ் ரிட்டர்ன் என்ற மறைவு எழுத்து அது. லினக்ஸின் மையமான கர்னல் அதையும் பெயரோடு சேர்த்துப் படித்து, அப்படி ஒரு பைத்தானைத் தேடுகிறது. கையால் ஓட்டும்போது பைத்தானை நீங்களே கூப்பிடுகிறீர்கள், முதல் வரி வெறும் கமென்ட்தான். அந்த எழுத்தை நீக்கும் டாஸ்2யூனிக்ஸ் ஒருமுறை ஓட்டுங்கள். யூனிட் ஃபைலின் எக்ஸெக்ஸ்டார்ட் வரியில் பைத்தானின் முழுப் பாதையையும் முன்னால் எழுதினால் இந்தத் தொல்லையே வராது.

கேட்டவர்: 203 போய்விட்டது! இப்போது கான்ஃபிக் ஃபைல் கிடைக்கவில்லை என்று சாகிறது. ஐந்து தடவை எழுந்து விழுந்து, அப்புறம் அசையவே இல்லை.

பதில் 2: சிஸ்டம் சர்வீஸ் எல்லா ஃபோல்டருக்கும் மேலே இருக்கிற ரூட் அடைவிலிருந்து கிளம்பும், உங்கள் ஃபோல்டரிலிருந்து இல்லை. வொர்க்கிங்டைரக்டரி வரி சேர்த்து டீமன்-ரீலோட் போடுங்கள். விழுந்தால் 10 நொடி கழித்து எழுப்ப ரீஸ்டார்ட்செக் 10 என்றும் வையுங்கள். சொல்லாமல் விட்டால் 100 மில்லிநொடிக்கு ஒருமுறை எழுப்பும், 10 நொடிக்குள் 5 முறை ஆனதும் கைவிட்டுவிடும். தோல்விக் கணக்கை அழிக்கும் ரீசெட்-ஃபெயில்டு கொடுத்துவிட்டு ஸ்டார்ட் செய்யுங்கள்.

பதில் 3: இடையில் ஒன்று. பிரின்ட் செய்வது ஜர்னலில் உடனே வராது தம்பி. டெர்மினல் இல்லையென்றால் பைத்தான் 8 கேபி சேரும்வரை பிடித்துவைக்கும். ஓடவில்லை என்று நினைத்து நான் ஒரு ராத்திரி முழுக்க விழித்திருக்கிறேன். என்விரான்மென்ட் வரியில் பைத்தான்அன்பஃபர்டு 1 என்று போடுங்கள்.

கேட்டவர்: போட்டேன், நிமிடத்துக்கு ஒரு வரி வருகிறது. ரீபூட் செய்து பார்த்தேன், சர்வீஸ் எழவில்லை...

பதில் 2: ரீபூட்டில் தானாக எழ எனேபிள் கொடுத்தீர்களா?

கேட்டவர்: ஐயோ. இப்போது கொடுத்துவிட்டேன். மறுபடி ரீபூட், 2 நிமிடமாக ஓடுகிறது.