பவுலின் 17 வருஷம் இஞ்ச் டேப்பில் அடங்க மாட்டேன் என்கிறது

தையல்_டீச்சர்:

எல்லாருக்கும் வணக்கம். எனக்குத் தொழில் தையல். ஞாயிற்றுக்கிழமை மட்டும் சபையில் சண்டே ஸ்கூல் எடுக்கிறேன். பெரிய பிள்ளைகள் வகுப்பு, ஒன்பது பேர். இந்த வருஷப் பாடம் பவுல், முதல் நூற்றாண்டில் ஊர் ஊராகப் போய் இயேசுவைப் பிரசங்கித்துச் சபைகளுக்குக் கடிதம் எழுதிய அப்போஸ்தலன்.

படம் வரைய எனக்கு வராது. அதனால் கடையில் கிடந்த பழைய இஞ்ச் டேப்பைச் சுவரில் நீளமாக ஒட்டி, ஒரு இஞ்ச் ஒரு வருஷம் என்று வைத்துக்கொண்டேன். டேப்பில் 60 வரை நம்பர் இருக்கிறது. அதையே கி.பி. 60 என்று எடுத்துக்கொண்டால் பவுல் கதை அநேகமாக அதற்குள் வந்துவிடும், நம்பர் எழுதும் வேலையும் மிச்சம். கலர் மண்டை வைத்த குண்டூசி ஒரு டப்பா.

முதல் வாரம் லூக்கா எழுதியதாகச் சொல்லும் அப்போஸ்தலர் நடபடிகள், 9ஆம் அதிகாரம். தமஸ்கு வழியில் வெளிச்சம் கண்டு பவுல் மனம் மாறுகிறார், ஊருக்குள் கொஞ்ச காலம், கொல்லப் பார்க்கிறார்கள், மதிலிலிருந்து கூடையில் இறக்குகிறார்கள், நேராக எருசலேம். மூன்று ஊசியையும் பக்கத்தில் பக்கத்தில் குத்திவிட்டேன். அடுத்த வாரம் பவுல் கலாத்தியருக்கு எழுதிய கடிதம், 1ஆம் அதிகாரம். அங்கே பவுலே சொல்கிறார்: உடனே எருசலேமுக்குப் போகவில்லை, அரபிதேசத்துக்குப் போனேன், திரும்பத் தமஸ்குவுக்கு வந்தேன், மூன்று வருஷம் சென்றபின்புதான் எருசலேம். அங்கேயும் 15 நாள்தான். அடுத்த அதிகாரத்தில் பதினாலு வருஷம் சென்றபின்பு மறுபடியும் எருசலேம்.

ஒரு பையன் எழுந்தான். "டீச்சர், நீங்க குத்தின ஊசிக்கு நடுவுல அரை இஞ்ச்கூட இல்ல. பவுல் மூணு இஞ்ச் சொல்றாரு." அதோடு விடவில்லை. மூன்றும் பதினாலும் பதினேழு, அந்தப் பதினேழு இஞ்ச் எங்கே தொடங்குகிறது என்கிறான். இன்னொருத்தி, கலாத்தியரில் எருசலேம் பயணம் இரண்டு, அப்போஸ்தலரில் 15ஆம் அதிகாரத்துக்குள் மூன்று வந்துவிட்டது என்று விரல் மடக்கிக் காட்டினாள். நானும் எண்ணிப் பார்த்தேன். 9, 11, 15. மூன்றுதான்.

தயவுசெய்து "விசுவாசத்தோடு படியுங்கள்" என்று மட்டும் பதில் போட வேண்டாம். விசுவாசம் இருக்கிறது. ஊசியை எங்கே குத்துவது என்பதுதான் கேள்வி.

எபனேசர்_வீடு:

ஸ்தோத்திரம் சிஸ்டர். முதல் கேள்விக்கு வேதத்திலேயே பதில் உண்டு. அப்போஸ்தலர் 9:23இல் "அநேகநாள் சென்றபின்பு" என்று இருக்கிறது அல்லவா? 1 இராஜாக்கள் 2ஆம் அதிகாரத்தில் சீமேயி கதையைப் பாருங்கள். 38ஆம் வசனத்தில் எருசலேமில் அநேகநாள் குடியிருந்தான் என்கிறது, 39ஆம் வசனமே மூன்று வருஷம் சென்றபின்பு என்று தொடங்குகிறது. ஆக வேத நடையில் "அநேகநாள்" மூன்று வருஷத்தையும் தாங்கும். லூக்கா அரபிதேசத்தை விட்டுவிட்டார், அவ்வளவே. விட்டுச் சொல்வது வேறு, மாற்றிச் சொல்வது வேறு.

இரண்டாவது கேள்விக்கு என்னிடம் சுருக்கமான பதில் இல்லை.

பழையபிரதி:

டீச்சர், இறையியல் கல்லூரி நூலகத்தில் முப்பது வருஷம் இருந்தவன் நான். அந்தப் பெண் பிள்ளை மடக்கின மூன்று விரலுக்காக எத்தனை அலமாரி நிரம்பியிருக்கிறது என்று எனக்குத்தான் தெரியும். கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

முதலில் எல்லா ஊசியையும் பிடுங்கிவிடுங்கள். பவுலின் கடிதங்களில் ஒரு இடத்திலும் வருஷம் இல்லை. "மூன்று வருஷம்", "பதினாலு வருஷம்" எல்லாம் இடைவெளிதான். துணி நீளம் தெரியும், எந்தத் தானிலிருந்து கிழித்தது என்று தெரியாது, அதுமாதிரி. ஆகவே வெளியே இருந்து ஒரு முளை அடித்தாக வேண்டும்.

அந்த முளை கிரேக்க நாட்டில் தெல்பி என்ற ஊரில் கிடைத்தது. ரோமப் பேரரசன் கிலவுதியு ராயன் அனுப்பிய கடிதம் ஒன்றை அங்கே கல்லில் வெட்டி வைத்திருந்தார்கள். உடைந்த துண்டுகளாகக் கிடைத்தது, 1905இல் வெளியிட்டார்கள். தெல்பியில் குடி குறைந்துபோனதைப் பற்றிய கடிதம், பவுலுக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. ஆனால் அதில் "என் நண்பனும் அதிபதியுமான கல்லியோன்" என்கிற மாதிரி ஒரு பெயர் வருகிறது. அப்போஸ்தலர் 18:12இல் கொரிந்துவில் பவுலை யாருடைய நியாயாசனத்துக்கு முன் இழுத்துக்கொண்டு போனார்களோ, அதே கல்லியோன். ராயனுக்கு 26ஆம் முறை வெற்றிப் பட்டம் முழங்கியதாகவும் கல்லில் இருக்கிறது. அதை வைத்துக் கடிதம் 52இன் முற்பகுதி என்று கணக்கிடுகிறார்கள். கொரிந்து இருந்த மாகாணம் அகாயா. அதன் அதிபதி பதவி பொதுவாக ஒரு வருஷம், கோடையில் மாறும். ஆகவே கல்லியோன் 51 நடுவிலிருந்து 52 நடுவரை என்பது பெரும்பாலோர் கணக்கு. (இந்தக் கல்லியோன் தத்துவஞானி செனெக்காவின் அண்ணன். அகாயாவில் காய்ச்சல் வந்ததும், நோய் உடம்பில் இல்லை, ஊரில்தான் என்று கத்திக்கொண்டே கப்பல் ஏறிவிட்டாராம். தம்பியே எழுதி வைத்திருக்கிறார். முழு வருஷம்கூட இருந்தாரோ என்னவோ.)

இனி பின்னால் அளந்து போகலாம். பவுல் கொரிந்துவில் தங்கியது ஒரு வருஷமும் ஆறு மாதமும் என்கிறார் லூக்கா. அப்படியானால் வந்து சேர்ந்தது 50 வாக்கில். அதற்கு முன் பிலிப்பி, தெசலோனிக்கே, அத்தேனே எல்லாம் நடந்து வர ஒரு வருஷமாவது வேண்டும். யூதரல்லாத விசுவாசிகளுக்கு என்ன விதி என்று முடிவு செய்ய அப்போஸ்தலர் 15இல் கூடும் எருசலேம் ஆலோசனைக் கூட்டம் அதற்கும் முன்னால், 48 அல்லது 49. அங்கே ஊசி குத்தலாம்.

இன்னொரு முளை 40இல். பவுல் 2 கொரிந்தியர் 11இல் கூடைக் கதையைத் தாமே சொல்கிறார். அங்கே ஊரைக் காவல் காத்தது அரேத்தா ராஜாவின் ஆள். நபத்தேயர் என்ற அரபு மக்களின் ராஜாவான அந்த அரேத்தா கி.பி. 40 வாக்கில் செத்துப்போனான். கூடை அதற்கு முன்னால் இறங்கியாக வேண்டும், அதற்கும் மூன்று வருஷம் முன்னால் வெளிச்சம்.

இப்போது உங்கள் மாணவியின் கேள்வி. கலாத்தியர் 2இன் பயணம் அப்போஸ்தலரில் எது?

15ஆம் அதிகாரக் கூட்டம்தான் என்றால், 48 அல்லது 49இலிருந்து 17 கழித்தால் தமஸ்கு வெளிச்சம் 31, 32இல் நிற்கும். இயேசு சிலுவையில் அறையுண்டது 30 என்பவர்களுக்கு இது சரி. 33 என்பவர்களுக்குக் கணக்கு உதைக்கும். ஆனால் அந்தக் காலத்தில் தொடங்கிய வருஷத்தையும் முடிகிற வருஷத்தையும் முழுசாகச் சேர்த்து எண்ணுவார்கள். வெள்ளிக்கிழமை சாயங்காலத்திலிருந்து ஞாயிறு காலைவரை "மூன்றாம் நாள்" ஆகிறதே, அப்படி. நாமும் இறந்த நாளையும் சேர்த்துத்தானே பதினாறாம் நாள் எண்ணுகிறோம்? அதனால் 17 என்பது 15 ஆகச் சுருங்க இடமுண்டு.

கணக்கைவிட இதில் பெரிய இடறல் வேறு. 11ஆம் அதிகாரத்தில் பஞ்ச உதவி கொண்டுபோன எருசலேம் பயணத்தைப் பவுல் ஏன் சொல்லவில்லை? சும்மா மறந்துவிட்டார் என்றால், அந்த இடத்தில்தான் அவர் நான் எழுதுவது பொய்யல்ல என்று தேவனைச் சாட்சி வைக்கிறார் (கலாத்தியர் 1:20). எத்தனை தடவை எருசலேமுக்குப் போனார் என்பதுதான் வழக்கே. வழக்கில் நிற்கிறவன் ஒரு பயணத்தை விட்டுவிட்டால் எதிராளி சும்மா இருப்பானா?

அதனால் பஞ்சப் பயணமேதான் கலாத்தியர் 2 என்று ராம்சே போன்ற வேத அறிஞர்கள் வாதாடினார்கள். இன்னொரு அறிஞர் லைட்ஃபுட் 15ஆம் அதிகாரத்தின் பக்கம். ராம்சே சொல்கிறபடி எடுத்தால் இரண்டுக்கு இரண்டு அழகாகப் பொருந்தும், கலாத்தியரில் கூட்டத்தின் தீர்மானங்கள் ஏன் வரவில்லை என்பதும் விளங்கும். ஆனால் யூதேயாவில் அந்தப் பஞ்சம் 46, 47 வாக்கில். 17 கழித்தால் 30க்கே போய்விடுகிறது. மூச்சுவிட இடமில்லை. அப்போது அந்தப் பதினாலுக்குள்ளேயே மூன்றும் அடக்கம் என்று சொல்லித் தப்பிக்க வேண்டும். கிரேக்க வாக்கியம் அதற்கு இடம் கொடுக்கிறது, ஆனால் மனசு ஒப்பவில்லை.

என்னைக் கேட்டால் 15ஆம் அதிகாரம். லூக்கா பஞ்ச உதவியைக் கொஞ்சம் முன்னே பின்னே வைத்திருக்கலாம் என்று நினைக்கிறேன். எபனேசர் அண்ணாச்சிக்கு இது பிடிக்காது.

எபனேசர்_வீடு:

பிடிக்கவில்லைதான். ஆனால் தேவனைச் சாட்சி வைத்த வசனத்தை இந்தக் கோணத்தில் நான் யோசித்ததில்லை. பஞ்சப் பயணம்தான் கலாத்தியர் 2 என்று எடுத்துக்கொண்டால் லூக்காவும் தப்பவில்லை, பவுலும் மறைக்கவில்லை. இடம் நெருக்கமாக இருந்தால் இருக்கட்டும். நம் ஊர் பஸ்ஸில் இதைவிட நெருக்கமாகப் போகிறோம்.

ஆற்றங்கரையான்:

வருஷக் கணக்கை மட்டும் ஏன் பிடித்துத் தொங்குகிறீர்கள்? ஆள் கணக்கும் உதைக்கிறதே. அப்போஸ்தலர் 9:27இல் பர்னபா பவுலை "அப்போஸ்தலரிடத்தில்" கூட்டிக்கொண்டு போகிறார். கலாத்தியரில் பவுல், பேதுருவையும் யாக்கோபையும் தவிர வேறு ஒரு அப்போஸ்தலரையும் பார்க்கவில்லை என்கிறார். கூடைக் கதையில் லூக்காவுக்கு எதிரி யூதர், பவுலுக்கு எதிரி அரேத்தாவின் ஆள். நான் நம்பிக்கை இல்லாதவன், அது கிடக்கட்டும். சம்பவத்தில் இருந்தவர் எழுதியது ஒன்று, பல வருஷம் கழித்துக் கேட்டு எழுதியது ஒன்று. இரண்டும் முட்டினால் இருந்தவர் பக்கம் போவதுதானே முறை?

பழையபிரதி:

பெரும்பாலும் அதுதான் முறை. ஆனால் இருந்தவருக்கும் ஒரு வழக்கு இருக்கிறது என்பதை மறக்கக்கூடாது. எருசலேமுக்குக் கீழ்ப்பட்டவன் நான் இல்லை என்று காட்டுவது பவுலின் தேவை. எல்லாரும் ஒரே குடும்பம் என்று காட்டுவது லூக்காவின் தேவை. ஒருவர் தூரத்தை நீட்டுவார், இன்னொருவர் குறுக்குவார். உங்கள் டேப்பில் அரை இஞ்ச் மூன்று இஞ்ச் ஆனது இப்படித்தான் டீச்சர்.

இன்னொன்று. நீங்கள் சொன்ன 15 நாள் பவுல் தங்கியது பேதுருவிடம். அந்த ஆளின் பெயர் பழைய மொழிபெயர்ப்பில் "பேதுரு", திருவிவிலியத்தில் "கேபா". வகுப்பில் யாராவது இரண்டையும் வைத்திருந்தால் அடுத்த கேள்வி அதுதான். ஒரே ஆள். கி.பி. 200 வாக்கில் எழுதிய பப்பைரஸ் (நாணல் தாள்) பிரதி ஒன்று பவுலின் கடிதங்களுக்கு உண்டு, ஏடுகளில் ஒரு பகுதி டப்ளினிலும் மீதி மிச்சிகனிலும் இருக்கின்றன. அதுபோன்ற பழைய பிரதிகளில் "கேபா"தான் இருக்கிறது. பிறகு எழுதியவர்கள் தெரிந்த பெயராக மாற்றிவிட்டார்கள்.

ஸ்கேல்_பென்சில்:

அக்கா, நான் படம் போடுகிற ஆள், வேதம் தெரியாது. ஆனால் உங்கள் டேப்பில் ஒரு தப்பு இருக்கிறது. கி.பி.யில் 0ஆம் வருஷம் கிடையாது. முதல் வருஷம் என்பது 0க்கும் 1க்கும் நடுவில் உள்ள இஞ்ச். அப்படியானால் 51ஆம் வருஷம் 50க்கும் 51க்கும் நடுவில். கல்லியோன் 51 நடுவில் வந்தார் என்றால் ஊசி 50½இல் வர வேண்டும், 51½இல் அல்ல. பிள்ளைக்கு 13 முடிந்து 14 நடக்கிறது என்போமே, அதே கதை. ஒரு இஞ்சுக்கு எட்டு கோடு, ஒரு கோட்டுக்கு ஒன்றரை மாதம். கொரிந்துவின் 18 மாதத்துக்குப் பன்னிரண்டு கோடு வரும்.

தையல்_டீச்சர்:

ஸ்கேல் தம்பி, இருபது வருஷமாக டேப் பிடிக்கிறேன், இது தோன்றவில்லை. பிளவுஸுக்குக் கழுத்தளவு தப்பினதுபோல் வெட்கமாகிவிட்டது. எல்லாவற்றையும் ஒரு இஞ்ச் தள்ளிவிட்டேன்.

நேற்று வகுப்பில் செய்தது இது. கல்லியோனுக்குச் சிவப்புக் குண்டூசி, டேப்பைத் துளைத்துச் சுவர்வரை. அரேத்தாவுக்கும் சிவப்பு, ஆனால் "இதற்கு முன்னால்" என்று அம்புக்குறி. மற்றதெல்லாம் மார்க்கிங் சாக்கில் கோடு மட்டும். துணியில் வெட்டுவதற்கு முன் போடுவோமே, அந்த நீலச் சாக்கு, தட்டினால் போய்விடும். கூட்டத்துக்கு ஒரு கோடு, பஞ்சத்துக்கு ஒரு கோடு. பதினாலு இஞ்ச் நீளத்துக்கு ஒரு நாடாவும் மூன்று இஞ்சுக்கு ஒரு நாடாவும் வெட்டி பிள்ளைகள் கையில் கொடுத்து, எங்கே பிடித்தால் பொருந்துகிறது என்று நீங்களே பாருங்கள் என்றேன். அரை மணி நேரம் சண்டை. விரல் மடக்கின பெண் பஞ்சத்தின் பக்கம். அந்தப் பையன் கூட்டத்தின் பக்கம், ஆனால் மூன்று இஞ்ச் நாடாவில் நுனியை யாருக்கும் தெரியாமல் மடித்துப் பிடித்திருந்தான். கேட்டால், "தொடங்குற வருஷத்தையும் சேர்த்து எண்ணலாம்னீங்களே டீச்சர்" என்கிறான்.

எபனேசர் அண்ணாச்சி சொன்ன சீமேயி வசனத்தை வாசித்துக் காட்டினேன். ஆற்றங்கரையான் சொன்ன ஆள் கணக்கையும் சொன்னேன். சபைப் போதகர் ஐயர் வாசலில் நின்று கேட்டுவிட்டு ஒன்றும் சொல்லாமல் போனார். நல்லதா கெட்டதா தெரியவில்லை.

இப்போது புதுப் பிரச்சினை. டேப் 60இல் முடிந்துவிட்டது. ரோம அதிபதி பேலிக்ஸ் காலத்தில் பவுல் செசரியாவில் இரண்டு வருஷம் காவலில், அப்புறம் அடுத்த அதிபதியாகப் பெஸ்து வருகிறான், கப்பற்சேதம், ரோமில் வாடகை வீட்டில் இன்னும் இரண்டு வருஷம். பெஸ்து வந்தது 59 என்று ஒருவரும் 60 என்று ஒருவரும் சொல்கிறார்கள். எதுவானாலும் ரோம் டேப்புக்கு வெளியே போகிறது. இன்னொரு டேப்பை ஒட்டுப்போடலாம், டப்பாவில் சிவப்பு ஊசியும் மிச்சமிருக்கிறது. பெஸ்துவுக்குச் சிவப்பா, சாக்கா?

பழையபிரதி:

சாக்கு.